மலடு என்னும் சொல்: மரபணு மாற்றிய விலங்குகளும் பெந்தோங் கொசுக்களும்



மலேசிய மருத்துவ வரலாற்றில் டிங்கிக் காய்ச்சலைப் பற்றிய முதற்குறிப்பு பினாங்கிலிருந்து எழுதப்பட்டது. ஸ்கே என்னும் மருத்துவர் 1902ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் மருத்துவ இதழில் பினாங்கில் கண்ட டிங்கியைப் பற்றி எழுதினார். அறுபது ஆண்டுகள் கழித்து, 1962இல், குருதிக்கசிவோடு கூடிய கடுமையான டிங்கி இந்நாட்டில் முதன்முதலாக அறியப்பட்டதும் பினாங்கில்தான். இவ்விரு தொடக்கங்களும் நம் மாநிலத்துக்கு உரியவை. பெருமைப்படத்தக்க முதன்மை அன்று. ஆயினும் வரலாறு அப்படித்தான் பதிந்திருக்கிறது.

இதில் வியப்பில்லை. ஏடிஸ் கொசு ஆப்பிரிக்காவில் தோன்றி, கப்பலின் தண்ணீர்ப் பீப்பாய்களில் பயணம் செய்து, துறைமுகம் துறைமுகமாகக் குடியேறிய உயிர். சதுப்பையும் வயலையும் அது நாடுவதில்லை. வீட்டுக்குள் மூடாமல் வைத்த தொட்டி, பூச்சாடியின் தட்டு, வாசலில் கிடக்கும் பழைய டயர் ஆகியவையே அதன் பிறப்பிடம். ஆளில்லாத இடத்தில் அதற்கு வாழ்வில்லை. பிறை ஆற்றங்கரையில் வளர்ந்த எவரும் மாலை வேளையில் புகை அடிக்கும் எந்திரத்தின் இரைச்சலைக் கேட்டிருப்பர். சன்னலைச் சாத்திக்கொண்டு உள்ளேயிருந்து இருமியும் இருப்பர். அந்தப் புகை கொன்ற கொசுக்களைவிடத் தப்பிய கொசுக்களே மிகுதி என்பதை நாட்டின் கணக்குகள் காட்டுகின்றன. 2010ஆம் ஆண்டில் மலேசியாவில் 46,171 பேருக்கு டிங்கி கண்டது. 134 பேர் இறந்தனர்.

அந்த ஆண்டின் இறுதியில், டிசம்பர் 21ஆம் நாள், பகாங் மாநிலத்துப் பெந்தோங்கிற்கு அருகில், மக்கள் குடியிருப்பு இல்லாத காட்டுப்பகுதியில் ஏறத்தாழ 6,000 ஆண் கொசுக்கள் பறக்கவிடப்பட்டன. அவற்றின் ஒவ்வோர் உயிரணுவிலும் ஆய்வகத்தில் கோத்த அயல்மரபணு இருந்தது. மரபணு மாற்றிய விலங்கு ஒன்று மருத்துவ நோக்கத்தோடு நம் நாட்டில் திறந்த வெளிக்கு வந்த நிகழ்ச்சி அது. அந்நிகழ்ச்சி எவ்வாறு நேர்ந்தது என்பதையும், அதைச் சுற்றி வழங்கிய 'மலடு' என்னும் ஒரு சொல் என்ன செய்தது என்பதையும் இன்று பேச விரும்புகிறேன். மொழிக்கான அவையில் கொசுவுக்கு என்ன வேலை என்று எண்ணுவோர் சற்றே பொறுத்தருள்க.

மரபணு மாற்றிய விலங்கு என்னும் கருத்து எலியில் தொடங்கியது. 1974இல் ருடால்ஃப் யேனிஷ், பியாட்ரிஸ் மின்ட்ஸ் ஆகிய இருவரும் எலிக் கருக்களுக்குள் ஒரு வைரசின் மரபுப்பொருளைச் செலுத்தினர். பிறந்து வளர்ந்த எலிகளின் உடலில் அது இருக்கக் கண்டனர். 1980இல் ஜான் கோர்டனும் ஃபிராங்க் ரடிலும் கருவுற்ற முட்டையின் உட்கருவுக்குள்ளேயே நுண்ணூசியால் மரபணுவை ஏற்றும் முறையைக் காட்டினர். 1982இல் ரிச்சர்ட் பால்மிட்டரும் ரால்ஃப் பிரின்ஸ்டரும் பெருச்சாளி இனத்து வளர்ச்சி இயக்குநீரின் மரபணுவைச் சுண்டெலிக்குள் ஏற்றியபோது, உடன்பிறந்தவற்றைப்போல் ஏறக்குறைய இருமடங்கு பருத்த சுண்டெலிகள் பிறந்தன. அந்தப் படத்தைப் பார்த்த பிறகே உலகம் இதைக் கவனித்தது எனலாம்.

அதன் பின்னர் பயன்கள் பெருகின. புற்றுநோய் எளிதில் வரும்படி ஆக்கப்பட்ட எலி ஒன்றுக்கு 1988இல் ஹார்வர்டு பல்கலைக்கழகம் அமெரிக்கக் காப்புரிமை பெற்றது. ஒரு விலங்கைக் கண்டுபிடிப்பாகக் கருதலாமா என்னும் வழக்கு பல நாடுகளில் நெடுங்காலம் நடந்தது. குறிப்பிட்ட ஒரு மரபணுவை மட்டும் செயலிழக்கச் செய்த எலிகளை உருவாக்கும் முறைக்காக மரியோ கபெக்கி, மார்ட்டின் எவன்ஸ், ஆலிவர் ஸ்மிதீஸ் மூவருக்கும் 2007இல் நோபெல் பரிசு கிடைத்தது. நாம் மருந்துக்கடையில் வாங்கும் பல மாத்திரைகள் எந்த நோயில் எப்படிச் செயற்படும் என்று அறிந்தது இத்தகைய எலிகளின் வழியேதான். ஆட்டின் பாலில் மனித உறைதடுப்புப் புரதம் சுரக்கச் செய்து அதிலிருந்து எடுத்த மருந்தை 2006இல் ஐரோப்பாவும் 2009இல் அமெரிக்காவும் ஏற்றன. 2022 ஜனவரியில் மரபணு மாற்றிய பன்றியின் இதயம் அமெரிக்காவின் மேரிலாந்தில் ஒரு மனிதருக்குப் பொருத்தப்பட்டது; அவர் இரண்டு மாதம் உயிர்வாழ்ந்தார்.

இவை அனைத்துக்கும் பொதுவான ஒன்று உண்டு. எலி கூண்டில் இருந்தது. ஆடு வேலிக்குள் இருந்தது. பன்றி கிருமிபுகாத கொட்டிலில் இருந்தது. எந்த நோயாளிக்கு எந்த மருந்து என்பதை அந்த நோயாளியிடமே கேட்டு ஒப்புதல் பெறலாம். கொசுவுக்கு வேலி கிடையாது. அதை மருந்தாக்கினால் அம்மருந்தை உட்கொள்வது ஒரு மனிதர் அல்லர், ஓர் ஊர்.

ஊர்முழுதும் பூச்சியை விட்டுப் பூச்சியை ஒழிக்கும் எண்ணம் மரபணுத் தொழில்நுட்பத்துக்கு முந்தியது. ஊடுகதிர் மரபுப்பொருளைச் சிதைக்கும் என்று ஹெர்மன் முல்லர் 1927இல் காட்டினார். கதிர்பட்ட ஆண் பூச்சிகளை ஏராளமாக வளர்த்து வெளியில் விட்டால், அவற்றோடு கூடிய பெண்பூச்சிகளின் முட்டைகள் பொரியாமற்போகும் என்று எட்வர்ட் நிப்லிங் எண்ணினார். 1954இல் கரீபியக் கடலின் குராசோ தீவில், கால்நடைகளின் புண்ணில் முட்டையிடும் ஈயைச் சில மாதங்களில் இம்முறை அடியோடு ஒழித்தது. அந்த ஆண் ஈக்கள் உண்மையாகவே மலடு. இதை நினைவில் கொள்க.

கொசுவிடம் கதிர்முறை அவ்வளவாகப் பலிக்கவில்லை. கதிர்பட்ட ஆண்கொசு நலிந்து, காட்டுக் கொசுவோடு போட்டியிட்டுத் துணை தேட இயலாததாகிறது. 1967இல் ஹன்னஸ் லாவென் என்பவர் பர்மாவில் ரங்கூனுக்கு அருகிலுள்ள ஓக்போ என்னும் சிற்றூரில் வேறொரு வழியைக் காட்டினார். அயலூர்க் கியூலெக்ஸ் ஆண்கொசுக்களை அங்கே விட்டார். உள்ளூர்ப் பெண்கொசுக்களின் முட்டைகள் பொரியவில்லை. ஊரில் அந்தக் கொசு அற்றுப்போயிற்று. இதன் காரணம் கொசுவின் உயிரணுக்களில் குடியிருக்கும் வோல்பாக்கியா என்னும் நுண்ணுயிர் என்பது 1971இல் தெளிவாயிற்று. அப்பெயர் இப்பேச்சின் முடிவில் மீண்டும் வரும்.

இந்த வெற்றிகளின் சூட்டில் உலக சுகாதார நிறுவனமும் இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகமும் சேர்ந்து, அமெரிக்க நிதியோடு, தில்லியில் கொசுக்களை மரபியல்வழிக் கட்டுப்படுத்தும் ஆய்வுப்பிரிவு ஒன்றை நடத்தின. 1970 முதல் 1975 வரை அது இயங்கியது. தில்லியைச் சூழ்ந்த சிற்றூர்களில் வேதிப்பொருளால் மலடாக்கிய கியூலெக்ஸ் ஆண்கொசுக்கள் விடப்பட்டன. அறிவியலாளர் நேர்மையானவரே, பணியும் தரமானதே. ஆனால் ஊராருக்குச் சொல்லவேண்டிய அளவில் சொல்லவில்லை. நாளிதழ்கள் கேள்வி எழுப்பின. அந்த வேதிப்பொருள் கிணற்று நீரில் கலக்காதா? இந்தியாவில் மஞ்சள் காய்ச்சல் கிடையாது. அதைப் பரப்பவல்ல ஏடிஸ் கொசுவின் பறக்கும் தூரத்தை அமெரிக்கப் பணத்தில் அளப்பது எதற்கு? உயிரியல் போருக்கான ஒத்திகையா? விடை சொல்லத் தாமதித்த ஒவ்வொரு வாரமும் ஐயம் ஒரு படி ஏறியது. நாடாளுமன்றப் பொதுக்கணக்குக் குழு 1975இல் கடுமையான அறிக்கை ஒன்றைத் தந்தது. அரியானாவின் சோனிபட் நகரில் ஏடிஸ் கொசுக்களை விட எல்லாம் ஆயத்தமாகியிருந்த வேளையில் திட்டம் நின்றது, பிரிவும் மூடப்பட்டது. அதே 1975ஆம் ஆண்டில்தான் புதுச்சேரியில் நோய்பரப்பும் பூச்சிகளைக் கட்டுப்படுத்தும் ஆய்வு மையம் நிறுவப்பட்டது என்பது நம்மவர்க்குச் சுவையான செய்தி.

உயிரியல் போர்க் குற்றச்சாட்டுக்குச் சான்று ஏதும் வெளிப்படவில்லை. அதை நம்பியவர்களை எள்ளுவது எளிது. ஆனால் தன் வீட்டு முற்றத்தில் யாரோ கொசுவைத் திறந்துவிடுவதைக் கண்ட சிற்றூர்க்காரர் வேறு என்ன நினைத்திருக்கக்கூடும் என்று எனக்குத் தெரியவில்லை.

இனி ஆக்ஸ்ஃபோர்டு. கதிர் கொசுவை நலிவாக்குகிறது என்றால் கதிரை விட்டுவிட்டு ஒரு மரபணுவால் அதே வேலையைச் செய்விக்கலாமே என்று லூக் ஆல்ஃபி என்னும் மரபியலாளர் எண்ணினார். 2002இல் பல்கலைக்கழகத்திலிருந்து பிரிந்து ஆக்ஸிடெக் என்னும் நிறுவனம் தோன்றியது. அதன் ஓ.எக்ஸ். 513ஏ என்னும் ஏடிஸ் இனத்துக்குள் இரண்டு அயற்பொருள்கள் உள்ளன. ஒன்று, பவள உயிரி ஒன்றிலிருந்து வந்த செந்நிற ஒளிர்மரபணு. தக்க ஒளியில் பார்த்தால் புழு சிவப்பாக மின்னும், இது ஆய்வகக் கொசுவின் வழிவந்தது என்று அடையாளம் காணலாம். மற்றது கொல்லும் மரபணு. அது உண்டாக்கும் புரதம் தன்னைத் தானே மேலும் மேலும் உண்டாக்கத் தூண்டும். அது பெருகப் பெருக உயிரணு தன் இயல்பான வேலைகளைச் செய்ய இயலாமல் நின்றுவிடும். ஆய்வகத்தில் இக்கொசு எப்படி உயிர்வாழ்கிறது? டெட்ராசைக்ளின் என்னும் பழகிய கிருமிக்கொல்லி மருந்து அப்புரதத்தைப் பிணித்து அடக்குகிறது. புழு வளரும் நீரில் அம்மருந்தைக் கலந்தால் கொசு வளர்கிறது. பிறகு கூட்டுப்புழுக்களை அளவு பார்த்துப் பிரிக்கிறார்கள். ஆணின் கூட்டுப்புழு சிறியது. ஆண்கொசு கடிப்பதில்லை, ஆதலால் நோயையும் பரப்புவதில்லை. வெளியில் சென்ற ஆண் காட்டுப் பெண்ணோடு கூடுகிறது. முட்டை பொரிகிறது. புழு வளர்கிறது. மருந்தில்லாத நீரில், சிறகு முளைக்கும் முன்னர், அது இறக்கிறது.

முட்டை பொரிகிறது என்றேன். இங்கேதான் சொல்லின் சிக்கல் தொடங்குகிறது. மலடு என்றால் தமிழில் பிள்ளைப்பேறு இல்லாமை. இக்கொசுவுக்குப் பிள்ளைகள் உண்டு, அவை தலையெடுப்பதில்லை. அவற்றிலும் ஆய்வகக் கணக்குப்படியே நூற்றில் மூன்று நான்கு மருந்தில்லாமலும் பிழைத்துவிடும் என்பதை 2007இல் அறிவியலாளர்களே வெளியிட்டிருந்தனர். மறைவு ஒன்றுமில்லை. இருந்தும் இவ்வினத்தை உலகெங்கும் மலட்டு ஆண்கள் என்னும் பெயராலேயே அறிமுகப்படுத்தினர். பெந்தோங் முடிவுகளைச் சொல்லும் ஆய்வுக்கட்டுரையின் தலைப்பிலேயே அச்சொல் உண்டு. குராசோவின் ஈக்குப் பொருந்திய சொல், தொழில்நுட்பம் மாறிய பின்னரும் பழக்கத்தால் ஒட்டிக்கொண்டு வந்தது.

மலேசியாவுக்கு அது எவ்வாறு வந்தது? மருத்துவ ஆய்வுக் கழகம் கோலாலம்பூரில் 1900இல், நம் முன்னோர் தோட்டங்களிலும் சாலைப்பணிகளிலும் மலேரியாவுக்குப் பலியாகிக்கொண்டிருந்த காலத்தில், நிறுவப்பட்டது. நூறாண்டுக்கு மேலாகக் கொசுவோடு போராடிவரும் அந்நிறுவனம் ஆக்ஸிடெக்கோடு கூடி ஓ.எக்ஸ். 513ஏ இனத்தை மலேசிய ஏடிஸ் கொசுவோடு கலந்து வளர்த்து, மூடிய கூடங்களில் ஆராய்ந்தது. பின்னர் பகாங்கின் பெந்தோங், மலாக்காவின் அலோர் காஜா ஆகிய இடங்களில் சிறு அளவில் வெளியிட்டுப் பார்க்க அனுமதி கேட்டது. 2007ஆம் ஆண்டின் உயிரியப் பாதுகாப்புச் சட்டம் 2009 டிசம்பரில்தான் நடைமுறைக்கு வந்திருந்தது. தேசிய உயிரியப் பாதுகாப்பு வாரியம் பொதுமக்கள் கருத்தைக் கேட்டது. 2010 அக்டோபரில், ஊராரின் இணக்கத்தைப் பொது அரங்கு ஒன்றின் வழியாகப் பெறுவது உள்ளிட்ட நிபந்தனைகளோடு, ஒப்புதல் அளித்தது.

அடுத்த மாதமே ஒரு செய்தி உலகை எட்டியது. கரீபியத் தீவான கிராண்ட் கேமனில் அதே இனத்தைச் சேர்ந்த சுமார் 33 இலட்சம் ஆண்கொசுக்கள் அவ்வாண்டு வெளியிடப்பட்டு, உள்ளூர் ஏடிஸ் 80 விழுக்காடு குறைந்ததாம். குறைந்தது நல்ல செய்தி. ஆனால் வெளியுலகம் அதை அறிந்தது எல்லாம் முடிந்த பிறகே.

பினாங்கில் இது உரக்கக் கேட்கப்பட்டது. எஸ். எம். முகமது இத்ரிஸ் தலைமையில் நெடுங்காலம் இயங்கிய பினாங்குப் பயனீட்டாளர் சங்கமும், அதன் உடன்பிறப்பான சஹாபாட் ஆலாம் மலேசியாவும், பினாங்கையே தலைமையிடமாகக் கொண்ட மூன்றாம் உலக வலையமைப்பும் வெளியீட்டை நிறுத்தக் கோரின. ஆண்களோடு தப்பிச் செல்லும் சில பெண்கொசுக்களின் நிலை என்ன? பிழைக்கும் வாரிசுகளால் என்ன விளையும்? ஏடிஸ் குறைந்தால் அந்த இடத்தை வேறு கொசு பிடிக்காதா? கழிவுநீரில் டெட்ராசைக்ளின் கலந்திருந்தால் கொல்லும் மரபணு அடங்கிவிடாதா? இவை அறியாதார் கேள்விகள் அல்ல. கடைசிக் கேள்வி ஆய்வகத்தையே தன் ஏடுகளைத் திரும்பப் புரட்டச் செய்யவல்லது. கால்நடைத் தீவனத்திலும் கோழிப்பண்ணையிலும் அம்மருந்து புழங்குவது எவரும் அறிந்த செய்தி.

2011 ஜனவரித் தொடக்கத்தில் வெளியீடு தள்ளிவைக்கப்பட்டதாகச் செய்திகள் உலவின. அம்மாதத்தின் கடைசி வாரத்தில் மருத்துவ ஆய்வுக் கழகத்தின் அறிக்கை வந்தது: வெளியீடு டிசம்பர் 21ஆம் நாளே நடந்துவிட்டது, ஜனவரி 5ஆம் நாள் வரை பொறிவைத்துக் கண்காணித்தாயிற்று, அதன்பின் அவ்விடத்தில் புகையும் அடித்தாயிற்று. ஐந்து வாரம் கழித்தே நாடு அறிந்தது.

ஆய்வின் முடிவோ அமைதியானது. மரபணு மாற்றிய ஆண்கொசுவும் ஒப்பீட்டுக்காக விடப்பட்ட 6,000 இயல்பான ஆண்கொசுக்களும் ஏறத்தாழ ஒரே அளவு நாள்தான் வாழ்ந்தன. மிகத் தொலைவு சென்றவை 220 மீட்டர் பறந்தன. கேடு ஒன்றும் நேரவில்லை. 2012இல் கட்டுரை வெளியாயிற்று. என் கருத்தில் அந்த ஆய்வு தேவையானது, அளவிலும் அடக்கமானது, ஆளில்லாக் காட்டைத் தேர்ந்ததும் முறையே. அறிவிப்பில் நேர்ந்த தாமதம்தான் அதன் மேல் படிந்த கறை. தில்லியில் 1975இல் நிகழ்ந்தது இங்கு எவர் நினைவிலும் இல்லாதது போலாயிற்று.

'மலடு' என்னும் சொல்லுக்குத் திரும்புவோம். மலட்டுக் கொசு என்று கேள்விப்பட்ட ஒருவர், அதற்குச் சந்ததியே கிடையாது, ஆகவே தடமும் கிடையாது என்றே புரிந்துகொள்வார். பிறகு நூற்றில் மூன்று பிழைக்கும் என்று அறிந்தால், தன்னை ஏமாற்றிவிட்டார்கள் என்று கருதுவார். உண்மையில் எவரும் பொய் சொல்லவில்லை, சொல் பிசகியது. பிரேசிலின் ஜக்கோபினா நகரில் 2013 முதல் 27 மாதங்கள் வாரந்தோறும் சுமார் 4,50,000 கொசுக்கள் விடப்பட்டன. அவற்றின் மரபுக்கூறுகள் உள்ளூர்க் கொசுக்களில் கலந்திருப்பதாக 2019இல் ஓர் ஆய்வு கூறியபோது நிகழ்ந்ததும் இதுவே. கலந்தது கொல்லும் மரபணு அன்று; அக்கொசுவின் மற்றைய மரபுக்கூறுகள். அதனால் தீங்கு உண்டு என்று அந்த ஆய்வு காட்டவுமில்லை. அதன் சில கூற்றுகளைப் பற்றி இதழின் ஆசிரியர் குழுவே பின்னர் ஐயக்குறிப்பு வெளியிட்டது. ஆனால் மலட்டுக் கொசுவுக்கு மரபு எப்படிக் கலந்தது என்னும் கேள்விக்கு முன்னால் அந்த விளக்கமெல்லாம் எடுபடவில்லை.

தமிழில் நாம் அச்சொல்லை எடுத்தாளும்போது இன்னொரு சுமையும் ஏறுகிறது. மலடி என்று பழிக்கப்பட்ட பெண்களின் கண்ணீர் அச்சொல்லில் இருக்கிறது. அறிவியல் கட்டுரைக்கு அது தேவையற்ற பாரம். சந்ததி தங்காக் கொசு என்றோ, வாரிசு மடியும் கொசு என்றோ எழுதினால் பொருளும் சரியாகும், நெஞ்சும் நோகாது. கலைச்சொல் ஆக்குவோர் ஆங்கிலச் சொல்லைப் பார்த்துத் தமிழாக்குவதற்கு மாறாக, அந்த உயிர் என்ன செய்கிறது என்று பார்த்துப் பெயரிட்டால் இவ்விடர் பாதி தீரும்.

ஆக்ஸிடெக் பின்னர் அந்த இனத்தையே கைவிட்டு வேறொன்றைக் கொணர்ந்தது. அதில் பெண் வாரிசுகள் மட்டும் இறக்கும். ஆண் வாரிசுகள் பிழைத்துச் சில தலைமுறைக்கு அம்மரபணுவைச் சுமந்து செல்லும். 2021 ஏப்ரலில் அமெரிக்காவின் ஃபுளோரிடா கீஸ் தீவுகளில் அது வெளியிடப்பட்டது. அங்கே 2016இலேயே வாக்கெடுப்பு நடந்திருந்தது. மாவட்டம் முழுவதிலும் பெரும்பான்மையோர் இசைந்தனர். முதலில் வெளியீட்டுக்குக் குறித்திருந்த கீ ஹேவன் மக்கள் மறுத்தனர். வெளியீடு வேறு இடங்களுக்கு மாறியது.

மலேசியா வேறு வழியில் சென்றது. மருத்துவ ஆய்வுக் கழகமும் வெளிநாட்டுப் பல்கலைக்கழகங்களும் சேர்ந்து, 2017 முதல் சிலாங்கூர், கோலாலம்பூர் வட்டாரக் குடியிருப்புகளில் வோல்பாக்கியா நுண்ணுயிர் ஏற்றிய ஏடிஸ் கொசுக்களை வெளியிட்டன. இம்முறை குடியிருப்பாளர்களைச் சந்தித்து விளக்கும் பணி முன்கூட்டியே நடந்தது. அவ்விடங்களில் டிங்கி ஏறத்தாழ 40 விழுக்காடு குறைந்ததாக 2019இல் வெளியான ஆய்வு கூறுகிறது. நாடு முழுவதிலும் அதே ஆண்டில் 1,30,000க்கு மேற்பட்டோர் டிங்கியால் பாதிக்கப்பட்டனர் என்பதையும் அருகில் வைத்தே படிக்க வேண்டும். புதுச்சேரி மையமும் இதே வகைக் கொசுக்களை வளர்த்துள்ளதாக 2022இல் அறிவித்தது.

அக்கொசுக்களும் மரபணு மாற்றியவைதாமே என்று நம்மிடையே பலர் கேட்பதுண்டு. அல்ல. நுண்ணூசியால் முட்டைக்குள் செலுத்தப்பட்டது உண்மை. செலுத்தப்பட்டது மரபணு அன்று, ஓக்போவில் லாவென் அறியாமலே பயன்படுத்திய அதே நுண்ணுயிர். கொசுவின் மரபுப்பொருளில் ஓர் எழுத்தும் மாறவில்லை. இந்த வேறுபாட்டை அடுக்குமாடிக் குடியிருப்பின் அறிவிப்புப் பலகையில், தமிழில், நான்கு வரியில் எழுதவேண்டுமாயின் என்ன சொற்களைக் கையாள்வோம் என்பதை அவையோரிடமே விடுகிறேன்.